மாலை போட்ட தடையுத்தரவு

"…அதனால உங்கப்பன் இனிமே இந்த வீட்ட விக்கவே முடியாது லா, கோர்ட்டே சொல்லிருச்சு" என்று சாமி படங்களைக் காட்டினார் சித்தப்பா. முருகனுக்குப் பக்கத்தில், கண்ணாடி போட்டு, சந்தனமும் குங்குமமும் வைத்து மாட்டியிருந்தது சிரம்பான் கோர்ட்டின் தடையுத்தரவு. அன்றைக்கு அதற்கு மாலை வேறு. முருகன்தான் வெறுங்கழுத்தோடு நின்றார்.

சுவா என்ற சிற்றூரில் தாத்தா விட்டுப்போன வீடு அது. தனக்குத்தான் என்று அப்பாவும், குடியிருக்கும் தனக்குத்தான் என்று சித்தப்பாவும் வழக்காடிக்கொண்டிருந்தார்கள். சித்தப்பாவுக்கோ அதை விற்றுவிட்டு சிரம்பானில் மகள் வீட்டுப் பக்கம் போய்விட ஆசை. வாங்க வந்த சீன முதலாளி, தவுக்கே, வெளியே ரம்புத்தான் மரத்தடியில் நின்று கூரையை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

"நீ மலாய் வாசிப்பியே, தவுக்கேக்கு இதப் படிச்சுக் காட்டு. வீடு என்னோடதுன்னு நம்பட்டும்."

முதலில் நான் படித்துப் பார்த்தேன்.

"சித்தப்பா, வழக்கு முடியறவரைக்கும் ரெண்டு பேருமே விக்கக் கூடாதுன்னு இருக்கு."

"ரெண்டு பேருன்னா?"

"அப்பாவும் நீங்களும்."

சித்தப்பா உத்தரவின் மாலையைக் கழற்றி முருகனுக்குப் போட்டார்.