ஷெர்வான் அனுப்பிய நான்கு நிமிடப் பாட்டு

ஷெர்வான் செத்துவிட்டானாம். ஹார்ட் அட்டாக்காம்.

நான் எதையும் லேசில் நம்புகிற ஆள் இல்லை. அவனுடைய ரூம்மேட்டுக்கு மூன்று தடவை போன் எடுத்துக் கேட்டேன்... உண்மைதான்.

தோஹா தொழிற்பேட்டையில் நான் ஸ்டோர்கீப்பர். அவன் டிரெய்லர் டிரைவர், ஈராக்கைச் சேர்ந்த குர்து இனத்தவன். லோடு ஏறி முடியும்வரை காதில் ஒரு கையை வைத்துக்கொண்டு, வாத்தியம் ஏதும் இல்லாமல், மூச்சைப் பிடித்து நீளமாகப் பாடுவான்.

இரண்டு வருடத்துக்கு முன் என் அப்பா இறந்தார். லீவு கேட்டேன், ஆபீஸில் ஆதாரம் கேட்டார்கள். அந்த நாட்களில் எனக்கு எல்லார் மேலும் சந்தேகம்.

அப்போதுதான் ஷெர்வான் பக்கத்தில் வந்து உட்கார்ந்தான். "பாய், ஃபாதர் நேம் க்யா? வில்லேஜ் நேம்? க்யா காம்?"

சண்முகலிங்கம். பருத்தித்துறை. சைக்கிள் கடை. சொல்லிவிட்டுத்தான் யோசித்தேன்... இவனுக்கு எதற்கு இதெல்லாம்? வேவு பார்க்க ஆபீஸ் அனுப்பிய ஆளோ?

அடுத்த நாள் ஸ்டோரில் என்னோடு வேலை செய்த ரவி ஓடி வந்தான். "அண்ணை, அவன் உங்கட அப்பான்ர பேரைச் சொல்லிப் பாடுறான். பகிடி பண்ணுறான் போல கிடக்கு."

போய் அவன் பாடுவதைக் கேட்டேன். அப்பாவின் பெயர், ஊர், சைக்கிள்... எல்லாம் இருந்தது.

சட்டையைப் பிடித்துவிட்டேன். "கலாஸ், போதும்! மேரா ஃபாதர் ஜோக் நஹி!" அவன் ஏதோ சொல்ல வாயெடுத்தான். நான் நிற்கவில்லை.

பிறகு ஒரு வாய்ஸ் நோட் அனுப்பினான், நான்கு நிமிடம். திட்டியிருப்பான் என்று திறக்கவே இல்லை.

இன்றைக்குத் திறந்தேன். அதே பாட்டு. அப்பாவின் பெயர் வருகிற இடத்தில் அவன் குரல் உடைகிறது.

ரூம்மேட்டுக்கு அனுப்பிக் கேட்டேன். அவர்கள் ஊர்ச் சாவு வீட்டில் இப்படித்தானாம். போனவரின் பெயர், ஊர், செய்த தொழில் எல்லாம் சொல்லித்தான் அழுது பாடுவார்களாம். ஷெர்வானின் அம்மா அதில் பேர்போனவராம்.

வெட்கமாக இருக்கிறது.

"ஷெர்வான் ஃபாதர் நேம் க்யா? வில்லேஜ்?" என்று கேட்டேன்.

"ஒய் யூ ஆஸ்க்?" என்றான் ரூம்மேட். குரலில் அப்படி ஒரு சந்தேகம்... காரணம் சொன்ன பிறகுதான் பதில் வந்தது.

எனக்குப் பாடத் தெரியாது. எழுதுகிறேன்.

ஷெர்வான். கரீமின் மகன். சுலைமானியாவுக்கு மேலே ஒரு மலைக் கிராமம். டிரெய்லர் டிரைவர்.

போய் வா, பாய்.