அறிவித்தலில் நான் மறைத்த ஊர்

என் தம்பியின் மரண அறிவித்தலை நானே எழுதி இலண்டன் தமிழ் வானொலிக்கு அனுப்பினேன். "யாழ்ப்பாணத்தைப் பிறப்பிடமாகவும், ரொறன்ரோவை வதிவிடமாகவும் கொண்ட" என்று அது தொடங்கியது. யாழ்ப்பாணம் உண்மை. ரொறன்ரோ பொய்.

தம்பி இருபது ஆண்டுகள் வாழ்ந்தது கனடாவின் புல்வெளிச் சமவெளியில், கோடையில் மட்டும் விருந்தினர் வந்து தங்கும் ஓர் ஏரிக்கரைச் சிற்றூரில். அங்கே படகுகளை வாடகைக்கு விட்டுப் பிழைத்தான். விரிவுரையாளனாகிய நானோ, இலண்டனில் நான் வாழும் செவன் கிங்ஸ் பகுதி நண்பர்களிடம் அவனை ரொறன்ரோவில் வாழும் பொறியியலாளன் என்றே சொல்லிவந்தேன்.

ஒவ்வொரு கோடையும் அழைப்பான்: "அண்ணை, ஒருக்கா வாங்கோ. இஞ்ச ஆக்களை விட மீன்தான் கூட. ரெண்டும் மரியாதையான சனம்." நான் போகவே இல்லை.

அறிவித்தலை வானொலியின் இணையத்தளத்தில் கண்ட அவன் மனைவி தொலைபேசியில் அழைத்தாள்.

"அத்தான், ரொறன்ரோவிலை எங்களுக்கு ஆர் இருக்கினம்? இவர் செத்தவுடனை இஞ்சத்தைச் சனம் முழுக்க வந்து, ஏரி உறைய முந்திப் படகெல்லாத்தையும் கரையேத்தித் தந்தது. அந்த ஊரை ஏன் மறைச்சனீங்கள்?"

முப்பத்தோராம் நாள் நினைவு அறிவித்தலில் திருத்திவிடுவதாகச் சொன்னேன். பேனையை எடுத்த பின்புதான், ஊரின் பெயர் எனக்கு நினைவில் இல்லை என்பது தெரிந்தது. அவனுடைய கடித உறை ஒவ்வொன்றிலும் இருந்த பெயர் அது. அவளிடமே கேட்டேன்.

சற்று நேரம் அவள் பேசவில்லை. பிறகு, "எழுதுங்கோ அத்தான். வில்லோ பே," என்றாள்.

தம்பியை இழந்த துயரத்தைப் பலரிடம் சொல்லியிருக்கிறேன். அவளுடைய அந்த மௌனத்தைப் பற்றி இன்றுதான் சொல்கிறேன்.