பெயர் கேட்காத மனிதர்

நோர்வேயின் வடக்கே ஒரு மீன் தொழிற்சாலையில், மூன்றாம் மேசையில் நின்று நான் மீன் வெட்டினேன். அங்கே தொழிற்சங்கத் தலைவராக இருந்த மனிதர் ஓய்வு பெறும் வயதை நெருங்கிக்கொண்டிருந்தார். என்னை அவர் ஒருநாளும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. "மூன்றாம் மேசை, கையுறைக்குள் தண்ணீர் போகிறதா?" என்பார். போகிறது என்றால் மேலாளரின் அறைக்குப் போய்ச் சத்தம் போடுவார். அடுத்த கிழமை புதுக் கையுறை வந்துவிடும். எங்களுக்காக இவ்வளவு சண்டை பிடிக்கிறவருக்கு எங்கள் பெயரைக் கேட்க மட்டும் வாய் வராதா என்று எனக்கு எரிச்சலாக இருக்கும்.

ஜேர்மன் படை நாட்டைப் பிடித்திருந்த காலத்தில் அவர் இரகசிய எதிர்ப்பு இயக்கத்தில் இருந்தவர், தடைசெய்த பத்திரிகைகளை மீன்பெட்டிக்கு அடியில் ஒளித்துக் கடத்தியவர் என்று மற்றவர்கள் சொல்வார்கள். கேட்டால் அவர் கையுறையைப் பற்றித்தான் பேசுவார்.

பிள்ளைகள் இங்கிலீஷில் படிக்கட்டும், முருகன் கோயில் கூப்பிடு தூரத்தில் இருக்கட்டும் என்று நாங்கள் லண்டனில் மனோர் பார்க்குக்குக் குடிவந்தோம். சில வருடங்களில் அந்தத் தொழிற்சங்கத் தலைவரின் பேத்தியும் லண்டனுக்குப் படிக்க வந்தாள். அவளைப் பார்க்க வந்தவர் ஒரு கிழமை எங்கள் வீட்டில் தங்கினார்.

ஊரில் அரசாங்கத்துக்கும் இயக்கத்துக்கும் நடந்த சண்டை ஓய்ந்து, நோர்வேக்காரர்கள் நடுவில் நின்று பேச்சுவார்த்தை நடத்திய காலம் அது. எங்கள் சனம் மொட்டைத் தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போட்டது. நோர்வேயில் இருந்து ஒரு பெரிய மனிதர் வந்திருக்கிறாராம் என்று லண்டனின் மறுகோடியில் இருக்கும் சட்டன் வரைக்கும் கதை போய்விட்டது. வெறுங்கையோடு வரக்கூடாது என்று வந்தவர்கள் எல்லோரும் பிஸ்கட்டும் ஆப்பிளும் கொண்டுவந்தார்கள். பழங்கள் குவிவதைப் பார்த்த கிழவர், வீட்டில் யாருக்காவது சுகமில்லையா என்று என்னிடம் இரகசியமாகக் கேட்டார்.

"தங்கச்சி, சமாதானம் வருமோ எண்டு ஒருக்காக் கேளும்" என்றார் பெற்றோல் நிலையத்தில் வேலைசெய்யும் ஒருவர்.

நான் கேட்டேன். "இவர் தொழிற்சங்கத்தில் சேர்ந்திருக்கிறாரா? சாப்பிட இடைவேளை தருகிறார்களா?" என்று கிழவர் திருப்பிக் கேட்டார். அதை மொழிபெயர்த்ததும் அந்த மனிதர் தன் வேலையைப் பற்றி விசாரணையாக்கும் என்று பயந்துபோய் அரைத் தேத்தண்ணியோடு எழும்பிவிட்டார்.

சிரித்து முடியவில்லை, பக்கத்து வீட்டு அக்கா வந்தாள். ஊரில் அவளுடைய மகனைக் கொண்டுபோய்ப் பல வருடங்கள். கொண்டுபோனது யார் என்று அவள் சொன்னதில்லை, நாங்களும் கேட்டதில்லை. கையில் அவனுடைய படம் இருந்தது.

"அவற்ற ஆக்களிட்டச் சொல்லி ஒருக்கா விசாரிக்கச் சொல்லும். உயிரோட இருக்கிறானோ இல்லையோ, அது தெரிஞ்சாப் போதும். மகன்ர பேர்..."

நான் மொழிபெயர்க்கத் தொடங்கியதும் கிழவர் கையை உயர்த்தினார். "பெயரைச் சொல்லாதே. என்னால் ஒன்றும் செய்ய முடியாது. நான் வெறும் மீன் தொழிற்சாலைக்காரன்." படத்தையும் அவர் பார்க்கவில்லை. எழுந்து யன்னல் பக்கம் போய் நின்றுகொண்டார்.

"என்னவாம்?" என்று கேட்டாள் அக்கா.

"களைச்சுப்போனாராம்" என்றேன். எனக்குக் கோபம் தலைக்கேறியது. எங்கள் கையுறைக்குச் சண்டை பிடித்தது இதே மனிதர்தானா?

"இஞ்சரும், அந்த மனிசன் ஏன் அப்பிடிச் செய்தது?" என்றார் என் கணவர், அக்கா போன பிறகு.

"எனக்கென்ன தெரியும்? நான் அவற்ற வயித்துக்குள்ளயோ இருக்கிறன்?"

வெள்ளிக்கிழமை அவரையும் கோயிலுக்குக் கூட்டிக்கொண்டு போனோம். வெள்ளிதோறும் அக்கா மகனுக்கு அர்ச்சனை செய்விப்பாள். ஐயர் அவனுடைய பெயரையும் நட்சத்திரத்தையும் சத்தமாகச் சொன்னார். அவர் என்ன சொல்கிறார் என்று கிழவர் கேட்டார்.

"அந்தப் பொடியனின் பெயர். கடவுளுக்குச் சொல்கிறார்கள்."

"எல்லோருக்கும் கேட்கும்படியா? ஒவ்வொரு கிழமையுமா?"

"ஓம்" என்று என் வாயில் தமிழே வந்துவிட்டது. அவர் விறுவிறென்று வெளியே போனார். நான் பின்னால் ஓடினேன். செருப்புகள் கழற்றும் இடத்துக்குப் பக்கத்தில், காலுறையோடு நின்றபடி அவர் சொன்னார்.

"எங்கள் குழுவில் யாருக்கும் மற்றவரின் பெயர் தெரியக்கூடாது. எனக்கு ஒரே ஒருவனின் பெயர் தெரிந்திருந்தது. பள்ளித் தோழன். என்னைப் பிடித்து அடித்தார்கள், நினைவு தப்பிவிட்டது. விழித்தபோது அவனையும் பிடித்திருந்தார்கள். அவன் திரும்பி வரவில்லை. நான் சொன்னேனா, வேறு யாராவது சொன்னார்களா? எனக்குத் தெரியாது. அவனுடைய தாய் கேட்டாள். அவளிடமும் தெரியாது என்றுதான் சொன்னேன். அதன் பிறகும் அவள் எனக்குச் சாப்பாடு போட்டாள், மூன்றாம் மேசை. அதற்குப் பின் நான் யாருடைய பெயரையும் கேட்டதில்லை."

அவர்மேல் இருந்த கோபம் போய்விட்டது. அந்த இடத்தில் என்ன வந்து உட்கார்ந்தது என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை. பரிதாபம் என்றால் அது பொய்.

அப்போது அக்கா அர்ச்சனைத் தட்டோடு வந்தாள். அவர் நெற்றியில் திருநீறு பூசிவிட்டாள். அவர் அசையாமல் நின்றார். பிறகு அவளுடைய மகனின் பெயரைச் சொன்னார், நோர்வே நாக்கில் அது நொறுங்கி வந்தது. அவள் திருத்தினாள். மறுபடி சொன்னார். சரியாக வரும்வரை அவள் அவருடைய கையை விடவில்லை. அந்தப் பெயரை நான் இங்கே எழுதப்போவதில்லை.

அடுத்த நாள் அவர் போய்விட்டார். "அவரால ஒண்டும் செய்ய ஏலாது அக்கா" என்று பலமுறை சொன்னேன். "பேரைக் கேட்டு வைச்சிருக்கிறார்தானே" என்பாள். நாங்கள் அவளுக்குச் செய்தது நன்மையா, பனையால் விழுந்தவளை மாடேறி மிதித்த கதையா என்று யோசித்து யோசித்துத் தலை சுற்றியதுதான் மிச்சம்.

சில வருடங்களில் ஊரில் மறுபடி சண்டை மூண்டது. கிழவர் இறந்துவிட்டதாக அவருடைய பேத்தி தொலைபேசியில் சொன்னாள். வேலிக்கு மேலால் அக்காவுக்குச் சொன்னேன். உடுப்புக் காயப்போட்டுக்கொண்டிருந்தவள் ஈர உடுப்போடு வேலிக்குக் கிட்ட வந்தாள்.

"சாக முந்தி மகன்ர பேரை ஆரிட்டயாவது சொல்லியிருப்பாரோ, தங்கச்சி?"

வாழ்நாள் முழுவதும் ஒரு பெயரைச் சொன்னேனா என்று தெரியாமல் தவித்த மனிதர் அவர்.

"சொல்லியிருப்பார் அக்கா" என்றேன்.