அண்ணனுக்கு டப்பிங்

அமெரிக்கப் படங்களில் ஒரு நடிகன் இருக்கிறான். பெயரைச் சொன்னால் உங்களுக்குத் தெரியாது. முகத்தைக் காட்டினால் 'அட, இந்த ஆளா' என்பீர்கள். முப்பது வருஷமாக அவனுக்குத் தமிழ்க் குரல் நான்தான். முதலில் கதாநாயகனின் கூட்டாளிப் போலீஸாக வந்து இடைவேளைக்குள் செத்துப்போவான். பிறகு அடியாள், ஜெயில் வார்டன், முடி கொட்டியதும் நீதிபதி, கன்னம் ஒட்டியதும் யாருக்கோ தாத்தா. ஒரு போஸ்டரிலும் அவன் முகம் பெரிதாக வந்ததில்லை. படம் முடிந்து ஓடுகிற பெயர்களில் என் பெயர் வந்ததே இல்லை.

முதல் படத்தில் டப்பிங் இயக்குநர், "இந்த ஆளுக்கு மதுரைப் பக்கத்துப் பேச்சு குடுங்க, ஜனங்க சிரிப்பாங்க" என்றார். சட்டென்று என் வாயில் வந்தது என் அண்ணனின் குரல். அப்பா செத்த கையோடு, போடிமெட்டுச் சரிவில் இருந்த ஏலக்காய்க் காட்டை முழுசாகத் தானே எடுத்துக்கொண்டு, "கூத்தாடப் போறவனுக்கு எதுக்குடா காடு? சோலியப் பாத்துட்டுப் போ" என்றானே, அதே கரகரப்பு, அதே இழுப்பு. அமெரிக்கக்காரன் துப்பாக்கி முனையில் நின்றுகொண்டு, "வெரசாச் சுட்டுத் தொலைடா, எனக்குச் சோலி கெடக்கு" என்பான். தியேட்டர் சிரிக்கும். குண்டு பாயும். படத்துக்குப் படம் என் அண்ணன் சாவதைக் கண்ணாடி அறைக்குள் நின்று ரசித்தேன். வெட்கமில்லாமல் சொல்கிறேன், மனசு குளிர்ந்தது.

எங்கள் தொழிலில் சட்டம் ஒன்றுதான். திரையில் வாய் அசைந்தால் பேச வேண்டும், மூடியிருந்தால் நாமும் மூடிக்கொள்ள வேண்டும். சமீபத்துப் படம் ஒன்றில் அந்த நடிகன் சக்கர நாற்காலியில் பேச்சில்லாமல் உட்கார்ந்திருந்தான். என்னைக் கூப்பிட்டு மூச்சு மட்டும் விடச் சொன்னார்கள். விட்டுவிட்டு வந்தேன்.

அண்ணன் தன் மூத்த மகள் கல்யாணப் பத்திரிகையை எனக்குத் தபாலில் அனுப்பினான். எங்கள் பக்கத்தில் அதற்குப் பெயர் அழைப்பு இல்லை, அவமானம். வீட்டுக்காரன் வெற்றிலைத் தட்டோடு நேரில் வந்து, வாயைத் திறந்து 'வாங்க' என்று சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் கூடப்பிறந்தவனும் வாசல் மிதிக்க மாட்டான். நானும் மிதிக்கவில்லை.

போன மாதம் மதினி போன் செய்தார். அண்ணனுக்குத் தொண்டையில் புற்று வந்து குரல்வளையை எடுத்துவிட்டார்கள் என்று முன்பே கேள்விப்பட்டிருந்தேன். பார்க்கப் போகவில்லை. இப்போது சின்ன மகளுக்குக் கல்யாணம்.

"தம்பி, உங்க அண்ணன் வாயால சொல்லாம ஒருத்தரும் வரமாட்டாக. நம்ம சனத்தோட வீம்பு உங்களுக்குத் தெரியாததா? அவுக கொரலு உங்களுக்கு அச்சா வருதுல்ல. ஞாயித்துக்கெழம டிவியில கேக்குறோமே. அவுகளும் உக்காந்து பாப்பாக."

அவனும் பார்த்திருக்கிறான். இத்தனை வருஷமாக நான் அவனைச் சாகடித்ததை, ஞாயிற்றுக்கிழமை சாப்பிட்டுவிட்டு உட்கார்ந்து பார்த்திருக்கிறான்.

திட்டிவிட்டுப் போனை வைத்திருக்க வேண்டும். வைக்கவில்லை. ஊரையெல்லாம் என் குரலால் அழைத்துவிட்டு, என்னையும் ஒரு வார்த்தை அழைக்காமலா இருப்பான் என்ற நப்பாசை. அதற்காகத்தான் பஸ் ஏறினேன்.

ஜீப்பில் பத்திரிகை வைக்கக் கிளம்பினோம், முதலில் ராசிங்காபுரம், அப்புறம் தேவாரம். அண்ணன் கழுத்து ஓட்டையைத் துண்டால் மறைத்துக்கொண்டு, தட்டோடு நிற்பான். நான் பக்கத்தில் நின்று அவன் வாயைப் பார்ப்பேன். உதடு அசையும், நான் பேசுவேன்.

"மாமா, முன்கூட்டியே வந்து நின்னு நடத்திக் குடுக்கணும். வராம இருந்துறாதீக."

தேவாரத்து மாமா அந்தக் குரலைக் கேட்டு அழுதேவிட்டார். அண்ணன் என்னைக் கண்ணால் காட்டி மறுபடி உதட்டை அசைத்தான். முப்பது வருஷமாக உதடு பார்த்தே பிழைப்பவன், எனக்கா தெரியாது? அதையும் அவன் குரலிலேயே சொன்னேன்.

"இந்தப் பய பொணத்துக்குக்கூடப் பேசுவான் மாமா."

வீடே சிரித்தது. அந்தத் தட்டைத் தட்டிவிடலாமா என்று கை துடித்தது. அடக்கிக்கொண்டேன்.

சாயங்காலம் போடி வீட்டுக்குத் திரும்பியபோது ஒரே ஒரு பத்திரிகை மிச்சம் இருந்தது. மதினி அதைத் தட்டில் வைத்து அவன் கையில் கொடுத்தார். "தம்பிக்கும் சொல்லிருங்க."

அண்ணன் என் முன்னால் வந்து தட்டை நீட்டினான். மைக் முன்னால் நிற்பதுபோல அவன் வாயைப் பார்த்துக் காத்து நின்றேன். கழுத்து ஓட்டையில் மூச்சு மட்டும் வந்து போனது. உதடு அசையவில்லை. முடியாமல் இல்லை. அன்றைக்கு முழுக்க அசைந்த உதடுதான். என்னை நேராகப் பார்த்துக்கொண்டே இறுக்கி மூடியிருந்தான்.

மதினிக்குச் சங்கடமாகிவிட்டது. "நீங்களே அவுக கொரல்ல சொல்லிக்கங்க தம்பி. எல்லாம் ஒண்ணுதான."

'வந்துருடா தம்பி.' இரண்டே வார்த்தை. முப்பது வருஷம் அந்தக் குரலில் அவனைச் சாகடித்தவன் நான். அதே குரலில் என்னை நானே ஒரு தடவை கூப்பிட்டுக்கொள்ள வாய் வரவில்லை.

பத்திரிகையைத் தொடாமல் பையை எடுத்துக்கொண்டு பஸ் ஸ்டாண்டுக்கு நடந்தேன்.