அப்பாவின் குரலில் பெண் பார்த்த மாமா

எனக்கு எழுபத்தாறு வயது. ஐந்து பிள்ளைகளை வளர்த்து ஆளாக்கினேன். ஒருத்தரும் சோடை போகவில்லை. எழுத்துக் கூட்டித்தான் எனக்குப் படிக்க வரும். ஆனாலும் என் மாமாவைப் பற்றி நானேதான் எழுதுவேன் என்று உட்கார்ந்திருக்கிறேன்.

அம்மாவின் தம்பி அவர். கடலூரிலிருந்து சிதம்பரம் வரை திருவிழா மேடை என்றால் அவருடைய பலகுரல் இருக்கும். மந்திரி பேசுவார், மாமியார் அழுவாள், நெல்லிக்குப்பம் ஆலைச் சங்கு ஊதும், எல்லாம் ஒரே வாயிலிருந்து. மேடையை விட்டு இறங்கிச் சொந்தக் குரலில் பேசினால் மட்டும் திக்கும். அதைக் கேட்டே இரண்டு இடத்தில் பெண் இல்லை என்று சொல்லிவிட்டார்கள்.

அடுத்தது சிதம்பரத்தில் ஒரு மீன் வியாபாரி வீடு. அம்மா ஒரு யோசனை செய்தாள். மேடைக் குரல் என்றால் கண்டுபிடித்துவிடுவார்கள். என் அப்பா குரலை அங்கே யாரும் கேட்டதில்லை. மாமா அப்பா குரலில் பேசுவது, அப்பா வாயே திறக்காமல் இருப்பது. தேவனாம்பட்டினம் கரையில் நின்று கூப்பிட்டால் கடலில் இருக்கிறவன் திரும்பிப் பார்ப்பான், அப்படிப்பட்ட அப்பா தொண்டை வலி என்று கழுத்தில் துண்டைச் சுற்றிக்கொண்டு பஸ் ஏறினார். சின்னப் பிள்ளையான நானும் கூடப் போனேன்.

மாமா கணீரென்று பேசினார். பெண்ணின் அப்பாவுக்கு ரொம்பத் திருப்தி. பெண்ணின் அம்மாவோ இரக்கப்பட்டு, என் அப்பாவுக்குச் சுக்குக் கஷாயம் சுடச்சுடக் கொண்டுவந்து கொடுத்தாள். அப்பா மடக்கென்று குடித்தார்.

"அடியேய், நாக்கு வெந்துபோச்சுடி."

அதே குரல். எல்லோரும் மாமாவையும் அப்பாவையும் மாறி மாறிப் பார்த்தார்கள். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

"எங்க மாமா எங்கப்பா மாதிரியே பேசுவாரு. தானா பேசுனாத்தான் திக்கும்."

அம்மா தொடையில் கிள்ளிய கிள்ளு இன்னும் எரிகிறது. பெண்ணின் அப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்துவிட்டார். அப்போது கதவுக்குப் பின்னாலிருந்து பெண் பேசினாள்.

"இருங்கப்பா. அவுங்க சொந்தக் கொரலு எப்டி இருக்கும்னு நான் கேக்கணும்."

மாமா எழுந்து நின்றார். "எ... எ..." கழுத்து நரம்பு புடைத்தது. நான் சொல்லை எடுத்துக்கொடுக்கப் போனேன்.

"நீ சும்மா இரு பாப்பா. அவுங்களே சொல்லட்டும். எனக்கு ஒண்ணும் அவசரமில்ல."

"எ... என்னப் பு... புடிச்சிருக்கா?"

அவள் கதவுக்கு வெளியே வந்து தலையாட்டினாள். அவள் அப்பா துண்டை எடுத்து மடியில் போட்டுக்கொண்டு மறுபடி உட்கார்ந்தார்.

கல்யாணத்துக்குப் பிறகு லீவுக்கு மாமா வீட்டுக்குப் போவேன். என்னிடம் கிளியாகப் பேசுவார், தாசில்தாராகப் பேசுவார். அத்தையிடம் மட்டும் திக்கித் திக்கித்தான். ரசம் ஊற்று என்று சொல்லி முடிப்பதற்குள் சோறு ஆறிவிடும். அத்தை கரண்டியைப் பிடித்தபடி நின்றிருப்பாள். நல்ல குரலையெல்லாம் ஊருக்குக் கொடுத்துவிட்டு வீட்டுக்கு மட்டும் கெட்டுப்போன குரலைக் கொண்டுவருகிறாரே என்று அப்போது எனக்கு அத்தையைப் பார்த்தால் பாவமாக இருக்கும்.

கண்ணு, இதை ஒரு தரம் உன் பாட்டிக்குப் படித்துக் காட்டு. மாமா பேசுகிற இடம் வந்தால் அவசரப்படாதே.