இறங்கச் சொன்ன குரல்

அவளை எல்லோரும் ரேடியோ என்றுதான் கூப்பிடுவார்கள். ஒரு பெரிய ஓட்டலின் அடித்தளத்தில், சலவை அறையில், படுக்கை விரிப்புகளை மடித்து அடுக்குகிற வேலை. பன்னிரண்டு இயந்திரங்கள் ஒன்றாகச் சுழலும் இரைச்சலிலும் அவள் பேசுவது கடைசி மேசை வரைக்கும் கேட்கும். அப்படி வந்த பெயர். அந்த வாயை வைத்துக்கொண்டு அவள் துணி மடிக்க வந்ததே ஓர் அநியாயக் கதை.

அந்த அறைக்கு ஒரே ஒரு ஜன்னல். கூரையை ஒட்டி, தெருவில் போகிறவர்களின் காலணி மட்டும் தெரிகிற உயரத்தில் இருக்கும். தினமும் காலை எட்டு நாற்பதுக்கு அதன் பக்கத்தில் ஒரு வேன் வந்து நிற்கும், கதவு திறக்கும், உள்ளேயிருந்து அவள் குரலே அவளுக்குக் கேட்கும்.

"வாங்க கண்ணுங்களா, வாங்க. எட்டே பேருதான், இடிச்சுக்க வேணாம். கடல் எங்கயும் ஓடிடாது."

பிறகு ஓர் இருமல். அதுவும் அவளுடையதுதான். மூன்று வருடங்களாக அந்த இருமல் நின்றபாடில்லை. ஓட்டலில் தங்கியிருக்கிறவர்கள் சிரித்துக்கொண்டே ஏறுவார்கள், வேன் கடற்கரை மலைப்பாதையை நோக்கிப் போய்விடும். அவள் கையிலிருக்கும் விரிப்பை இழுக்கிற இழுப்பில் எதிர்முனையைப் பிடித்திருப்பவள் தடுமாறிப் போவாள்.

"யார் மேல உள்ள கோவத்தை யார் மேலக்கா காட்டுறே?" என்பாள் எதிரில் நிற்பவள்.

யார் மேல் என்பது அந்த அறையில் எல்லோருக்கும் தெரியும். பதினொரு வருடம் ரேடியோ அந்தப் பாதையில் வழிகாட்டியாக இருந்தாள். ஒரு வேன், எட்டுப் பயணிகள், ஓட்டுவதற்கு வேனின் சொந்தக்காரன் அவன். அவள் அவனைத் தம்பி என்பாள், அவன் அவளை அக்கா என்பான். எந்தப் பாறைக்கு என்ன கதை, எந்த வளைவில் வயிற்றைப் பிடித்துக்கொள்ள வேண்டும், எங்கே இறங்கினால் காற்று தொப்பியைப் பிடுங்கும், எல்லாம் அவள் சொந்தமாகச் சேர்த்துச் சேர்த்து வைத்தது. அவன் ஸ்டியரிங்கைத் திருப்பினான், அவ்வளவுதான். ஒருநாள் அவளுக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. "அக்கா, நாளைக்கு உங்களுக்கு ரொம்ப முடியாமப் போச்சுன்னா என்ன பண்றது? ஒரு நாள் பேசுறதைப் பதிஞ்சு வச்சுக்குவோம்" என்றான். கரிசனம் என்று நினைத்தாள். கரிசனமாவது மண்ணாவது. அடுத்த மூன்று மாதத்தில் அவனிடம் நான்கு வேன்கள். நான்கிலும் அவள் குரல். அவளுக்கு மட்டும் எதிலும் இடமில்லை.

"நீங்க ரெஸ்ட் எடுங்கக்கா, வயசாகுதில்ல" என்று வாசலில் நிற்க வைத்தே சொல்லி அனுப்பினான்.

சுற்றுலா உரிமம் கொடுக்கிற அலுவலகத்துக்கு ஆறு முறை ஏறி இறங்கினாள். ஆறாவது முறை மேசைக்குப் பின்னால் இருந்தவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடியே சொன்னார்: "அது தன்னோட மச்சினிச்சி பேசினதுன்னு அவரு எழுதிக் குடுத்திருக்காரும்மா. உங்க குரல்தான்னு நீங்க சொல்றீங்க. ஒரே மாதிரி குரல் ஊர்ல நாலு பேருக்கு இருக்கும். அவரு ஒத்துக்கிட்டா நாளைக்கே நிறுத்திடுறேன். இல்லாட்டி நான் என்ன பண்ணட்டும்?"

"இருமலுமா சார் நாலு பேருக்கு ஒரே மாதிரி இருக்கும்?"

அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு அடுத்த கோப்பை எடுத்துவிட்டார். அவள் வீட்டுக்காரர் பரம சாது. பேக்கரியில் மாவு பிசைகிறவர், கோபத்தையும் அங்கேயே பிசைந்துவிட்டு வருவார் போலிருக்கிறது. "விட்டுத் தள்ளும்மா, போனது போகட்டும்" என்றார்.

"போகல. தினமும் எட்டு நாப்பதுக்கு வருது" என்றாள்.

அன்றைக்கே முடிவு செய்துவிட்டாள். நியாயம் கிடைக்காது. சரி, அவன் தொழிலாவது நாறட்டும்.

அவனை எங்கே அடித்தால் விழுவான் என்று அவளுக்குத்தான் தெரியும். அந்தப் பாதையில் ஏழாவது நிறுத்தம் நெட்டைப்பாறை. தொண்ணூற்று நான்கு படி இறங்கினால் ஒரு குறுகிய மணல் திட்டு, அதைத் தாண்டிக் கடலுக்குள் ஒற்றையாக நிற்கும் பாறை. தண்ணீர் வற்றியிருந்தால் மணலில் நடந்தே பாறையைத் தொட்டுவிட்டு வரலாம், ஏறுகிற நேரமாக இருந்தால் படியிலேயே கால் வைக்கக் கூடாது. கடல் ஒவ்வொரு நாளும் முக்கால் மணி நேரத்துக்கு மேல் தள்ளித்தான் ஏறும், இறங்கும். பதிவு செய்த அன்றைக்கு வற்றுகிற நேரம். அதனால் அவள் குரல் அங்கே சொல்வது இது: "தைரியமா நடங்க. இன்னும் ஒன்றரை மணி நேரத்துக்குத் தண்ணி இந்தப் பக்கம் எட்டிப் பாக்காது." அன்றைக்கு அது உண்மை. அடுத்த வாரமே பொய்.

அவனிடம் வேலை பார்த்த ஓட்டுநர்கள் விவரமானவர்கள். கடல் ஏறி இறங்கும் நேரம் அச்சிட்ட அட்டவணையைக் கண்ணாடிக்கு மேலே செருகி வைத்திருப்பார்கள், ஆகாத நாளில் ஏழாவது நிறுத்தத்தை விட்டுவிட்டுப் போவார்கள். அவன் மட்டும் அதைத் தொட்டதே இல்லை. பதினொரு வருடமும் "இறங்கலாமாக்கா?" என்று அவளைக் கேட்டே காலத்தை ஓட்டியவன். அந்த மாதத்திலிருந்துதான் ஞாயிற்றுக்கிழமைகளில் ஓர் ஓட்டுநருக்கு விடுமுறை என்று முதலாளியான அவனே வண்டி எடுக்க ஆரம்பித்திருந்தான். ஞாயிறாக இருக்க வேண்டும், வேன் அங்கே போய்ச் சேருகிற பதினொரு மணிக்குத் தண்ணீர் ஏற வேண்டும். அப்படி ஒரு நாளுக்காக மூன்று வாரம் காத்திருந்தாள். அக்கா மகள் பெயரில் ஓர் இருக்கை பதிவு செய்தாள்.

"சித்தி, அங்க போயி நீங்க என்ன செய்யப் போறீங்க?" என்றாள் அந்தப் பெண்.

"ஒண்ணும் செய்யப் போறதில்ல. அதுக்குத்தான் போறேன்."

உண்மையும் அதுதான். படிக்கு மேலே நின்று வேடிக்கை பார்ப்பாள். எல்லோரும் இடுப்பு வரை நனைந்து, செருப்பைக் கடலுக்குக் கொடுத்துவிட்டு, அவனைக் கிழித்துக்கொண்டே ஏறி வருவார்கள். ஏழு புகார் போகும். உரிமம் பறிபோகும்.

அந்த ஞாயிறு தொப்பி, கறுப்புக் கண்ணாடி, மூக்கு வரை ஒரு சால்வையோடு ஏறிக் கடைசி வரிசையில் உட்கார்ந்தாள். அவன் யார் முகத்தையும் பார்க்கவில்லை, தலைகளை எண்ணிக்கொண்டு கதவைச் சாத்தினான். பக்கத்தில் ஒரு பள்ளி ஆசிரியை, முழங்காலில் பட்டை கட்டியிருந்தாள். பேச்சுக் கொடுத்தாள். ரேடியோ தொண்டையைத் தொட்டுக் காட்டித் தலையை ஆட்டினாள். பாவம், பேச முடியாதவள் போலிருக்கிறது என்று ஆசிரியை ஓர் ஆரஞ்சை உரித்துப் பாதி கொடுத்தாள்.

ஆறு நிறுத்தம் வரை வாயைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தது பெரும்பாடு. தன் நகைச்சுவைக்கு அடுத்தவர் சிரிப்பதைத் தானே கேட்க வேண்டியிருந்தது. கறுத்த மலை விளிம்பில் வேன் வளையும்போது அவன் பாதி வாக்கியத்தில் பதிவை நிறுத்திவிட்டு ஒலிபெருக்கியில் தன் போன் எண்ணைச் சொன்னான். அவளுக்கு எங்கெங்கோ எரிந்தது.

நெட்டைப்பாறை வந்தது. அவன் ஒரு சின்ன ஒலிபெருக்கியைத் தோளில் மாட்டிக்கொண்டு முன்னால் இறங்கினான். ஏழு பேரும் பின்னால் போனார்கள், ஆசிரியை கைப்பிடிக் கம்பியைப் பிடித்து ஒவ்வொரு படியாக. ரேடியோ தன் காலைத் தடவிக் காட்டிவிட்டு மேலேயே நின்றுகொண்டாள். கீழே மணல் திட்டின் இரண்டு பக்கத்திலும் தண்ணீர் வெள்ளையாக நுரைத்துக்கொண்டிருந்தது. அட்டவணையில் இல்லாத ஒன்றும் அன்றைக்கு இருந்தது, கடல் பக்கமிருந்து வீசிய காற்று. அது தண்ணீரை முன்கூட்டியே தள்ளிக்கொண்டு வந்தது. முழங்கால் பட்டைக்காரி மணலின் நடுவில் நின்று படம் எடுத்துக்கொண்டிருந்தாள்.

அவள் மனசு இளகிவிட்டது என்று யாரும் நினைக்க வேண்டாம். அனுபவிக்கட்டும் என்றுதான் அப்போதும் நின்றாள். ஆனால் கீழே அவன் தோளிலிருந்து அவள் குரல் எழுந்தது: "தைரியமா நடங்க." அதை நம்பி அந்த ஆசிரியை இன்னும் நான்கு அடி முன்னால் போனாள். பதினொரு வருடத்தில் அவள் பேச்சை நம்பி ஒருவருக்கும் உள்ளங்கால் ஈரமானதில்லை. இப்போது அவள் வாயை வைத்தே அவளைப் பொய்க்காரியாக்குகிறான். அதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை.

சால்வையை இழுத்து எறிந்துவிட்டுக் கத்தினாள்.

"கண்ணுங்களா, திரும்புங்க. மேல வாங்க. தண்ணி ஏறுது, யாரும் நிக்காதீங்க."

ஏழு பேரும் முதலில் ஒலிபெருக்கியைப் பார்த்தார்கள், பிறகு மேலே பார்த்தார்கள். காலையிலிருந்து பழகிய குரல், ஒருவருக்கும் சந்தேகம் வரவில்லை. இரண்டு பேர் ஆசிரியையைக் கைத்தாங்கலாகப் பிடித்துக்கொள்ள, எல்லோரும் படியேறத் தொடங்கினார்கள். அவன் மட்டும் நிமிர்ந்து பார்த்து அடையாளம் கண்டுகொண்டு சிரித்தான்.

"போகாதீங்க சார், அது ஒரு பைத்தியம். என் தொழிலைக் கெடுக்க வந்திருக்கு. நான் நிக்கிறேன் பாருங்க" என்று சொல்லி, நிரூபிப்பதற்காக நெட்டைப்பாறையின் மேலேயே ஏறி நின்றான்.

கால் மணி நேரத்தில் மணல் திட்டு காணாமல் போனது. தோள் பெட்டி அலையில் நனைந்து கரகரத்து அடங்கியது. பாறையின் உச்சி எந்த நாளும் முழுகாது என்று அவளுக்குத் தெரியும், பயணிகளிடம் சொன்னாள். ஆனாலும் ஒருவர் கரையோரக் காவலுக்குப் போன் போட்டார். அவள் தடுக்கவில்லை. ஒரு கல்லில் உட்கார்ந்து, அவன் சட்டையும் மானமும் ஒவ்வொரு அலைக்கும் நனைவதை நிதானமாகப் பார்த்தாள். அவ்வளவு நிம்மதியாக அவள் உட்கார்ந்து பல நாளாகியிருந்தது.

முக்கால் மணி நேரத்தில் படகு வந்தது. அவனை ஒரு மூட்டையைப் போல ஏற்றி, பக்கத்துத் துறையில் இறக்கி, மேலே கூட்டி வந்தார்கள். கூடவே ஓர் அதிகாரி, கையில் படிவம் செருகிய அட்டை.

"இந்த நேரத்துல கீழ இறங்கச் சொன்னது யாரு?" என்றார்.

ஆசிரியைதான் தயங்கித் தயங்கி ரேடியோவைக் காட்டினாள். "இவங்க... இவங்க குரல்தான் சார். மேல வரச் சொன்னதும் இவங்கதான்."

அதிகாரிக்கு ஒன்றும் புரியவில்லை. நாளைக்கு இது தன் தலையில் விடியப்போகிறது என்று ரேடியோவுக்குத் தெரிந்தது. அவன் முகத்தில் அப்போதுதான் உயிர் வந்தது. குளிரில் பல் தந்தியடிக்க முன்னால் வந்தான்.

"ஆமா சார், இவதான். நான் ஒரு வார்த்தை சொல்லல. பெட்டியில பேசுறது முழுக்க இவதான். தண்ணி வராதுன்னு சொன்னதும் இவதான்."

"உங்க வண்டியில இவங்க எப்படிப் பேசினாங்க?"

"மூணு வருஷத்துக்கு முன்னாடி என் போன்லதான் பதிஞ்சேன் சார். இவ பேசினா, நான் பதிஞ்சேன். நாலு வண்டியிலயும் அதுதான் ஓடுது. தப்பு இவ மேலதான், எழுதிக்குங்க."

ரேடியோ வாயைத் திறக்கவில்லை. காலையிலிருந்து பழகியிருந்தது.

அதிகாரி அவளைப் பார்த்தார். "என்னம்மா, குரல் உங்களோடதா?"

"என்னோடதுதான் சார். அதுக்கு எனக்கு என்ன தண்டனையோ குடுங்க, வாங்கிக்கிறேன். ஆனா அவரு சொன்னதை ஒண்ணு விடாம எழுதி, முதல்ல அவரைக் கையெழுத்துப் போடச் சொல்லுங்க. நான் அப்புறம் போடுறேன்."

அவன் பேனாவைப் பிடுங்காத குறையாக வாங்கினான். ஈரச் சட்டையிலிருந்து தாளில் தண்ணீர் சொட்டியது, அதைத் துடைத்துவிட்டு அழுத்தமாகக் கையெழுத்துப் போட்டான். பேனாவை நீட்டுகிறபோதுதான் அவள் முகத்தைப் பார்த்தான். அவன் கை அப்படியே நின்றுவிட்டது. அவள் பேனாவை அவன் விரல்களிலிருந்து உருவி, அவன் பெயருக்குக் கீழே தன் பெயரை எழுதினாள்.

பிறகு அதிகாரியிடம், "சார், இதுல எனக்கு ஒரு நகல் வேணும். உரிமம் குடுக்குற ஆபீஸுல கேட்டிருக்காங்க" என்றாள்.