சங்கு ஊதிய மத்தியானம்

ஊர்க்காவல் படையில் சேர்ந்து பதினோரு வருடம் ஆகிறது. தேர்த்திருவிழாவில் கயிறு பிடிப்பதும், ஓட்டுச்சாவடியில் வரிசையைச் சரிசெய்வதும்தான் எங்கள் வேலை. எல்லையில் சண்டை மூண்ட வாரம், குண்டு விழுந்தால் என்ன செய்வது என்று சோமனூரில் ஒத்திகை நடத்தச் சொன்னார்கள். எங்கள் குழுவுக்கு நான்தான் தலைவன். ஒத்திகை முடியும்வரை யாரும் போன் வைத்திருக்கக் கூடாது என்று உத்தரவு; எல்லோருடைய போனும் என் தோள்பையில்.

சங்கு ஊதியதும் ஜனங்கள் உள்ளே போய்ப் படுத்துக்கொள்ள வேண்டும். இரண்டு நாள் மைக்கில் கத்தித் தொண்டை கட்டியதுதான் மிச்சம். தறிச் சத்தத்தையும் மீறிக் கேட்பது பழைய மில்லின் சங்கு ஒன்றுதான் என்று அதையே ஊதினோம். அந்தச் சங்கு கேட்டால் சோறு என்று பழகின ஊர். தறிக்கூடத்திலிருந்து அத்தனை பேரும் சோற்றுத் தூக்குப்போசியோடு வெளியே வந்து மரநிழலில் உட்கார்ந்துவிட்டார்கள். எனக்கு வந்ததே கோபம்!

"உள்ள போங்க! குண்டு உழுகுதுங்க!"

"செரிங்க, உண்டுபோட்டுப் போறமுங்க," என்றார் ஒருவர், வெகு மரியாதையாக.

டீக்கடைப் பெஞ்சில் இன்னொருவர், "ஒரே போடாப் போட்டுத் தள்ளோணுங்க," என்று போர் நடத்திக்கொண்டிருந்தார். முந்தாநாள்வரை நானும் அதே பெஞ்சில் அப்படிப் பேசியவன்தான்.

மறுபடியும் முதலிலிருந்து என்றார் ஒத்திகையைப் பார்வையிட வந்திருந்த அதிகாரி. காயம்பட்டவராக நடிக்க எங்கள் குழுவிலிருந்த அக்கா ஸ்ட்ரெச்சரில் படுத்தார், நெற்றியில் சிவப்புச் சாயத்தோடு. அவருடைய ஒரே மகன் எல்லையில் சிப்பாய். நான்கு நாளாக அவனிடமிருந்து ஒரு பேச்சும் இல்லை.

"தம்பி, என்ற போனை மட்டும் குடுங்களேன். பையன் கூப்புட்டாலும் கூப்புடுவானுங்க."

"ரூல்ஸுங்கக்கா. பத்தே நிமிசம்."

சங்கு ஊதியது. அவரைத் தூக்கிக்கொண்டு ஓடினோம். என் விலாவில் பை அதிர்ந்தது. நின்றது. மறுபடி அதிர்ந்தது. யாருடையதோ என்று நினைத்தேன். பொய் எதற்கு? அவருடையதுதான் என்று தெரியும். அதிகாரி பார்த்துக்கொண்டிருந்தார், அவ்வளவுதான்.

முடிந்ததும் எடுத்துக் கொடுத்தேன். மகன் இரண்டு தடவை கூப்பிட்டிருந்தான். அவர் திருப்பி அடித்தார், அடித்துக்கொண்டே இருந்தார். சுவிட்ச் ஆஃப். என்னைத் திட்டியிருந்தால்கூட நன்றாக இருந்திருக்கும்.

"கூப்புட்டிருக்கானல்லங்க, அப்ப உசுரோட இருக்கான்," என்றார். நெற்றிச் சாயத்தைத் துடைக்கவே இல்லை. கொஞ்சம் கழித்து என்னைப் பார்த்தார்.

"ஒத்திகைதானுங்களே தம்பி. குடுத்திருக்கலாமுங்களே."